நான்கு நிமிடத்தில் நின்றுவிடும் பாட்டு: வாசகர் கேள்வி பதில்

வீட்டு நெட்வொர்க்கில் பாட்டுக் கேட்பது குறித்துத் தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களிலிருந்து வந்த கடிதங்களில், ஒன்றோடொன்று தொடர்புடையவற்றை இந்த இதழில் சேர்த்து எடுத்துக்கொண்டிருக்கிறோம். பெயர் வெளியிட வேண்டாம் என்று சிலர் கேட்டுக்கொண்டதால் எல்லோருக்கும் ஊர்ப்பெயர் மட்டுமே தரப்பட்டுள்ளது.

ஓசூர் வாசகர்: ஐயா, வணக்கம். எங்கள் வீட்டில் கீழ்த்தளமும் மாடியுமாக ஐந்து அறைகளில் ராஸ்பெர்ரி பை என்னும் சிறு கணினிப் பலகைகளை ஸ்பீக்கருடன் இணைத்து வைத்திருக்கிறேன். மாடியறையில் உள்ள லினக்ஸ் கணினி 239.10.10.1 என்ற மல்டிகாஸ்ட் முகவரிக்குப் பாட்டை அனுப்பும். ஐந்து அறைகளிலும் ஒரே நேரத்தில் கேட்கும். எல்லாமே கேபிள் இணைப்புத்தான். முன்பு நெட்வொர்க் கேபிள்களை ஒன்றிணைக்கும் பெட்டியாகச் சாதாரண ஸ்விட்ச் இருந்தபோது பாட்டு ஓடினால் வைஃபை படுத்துவிடும். அதற்காக, அமைப்புகளை நாமே மாற்றிக்கொள்ளக்கூடிய மேனேஜ்டு ஸ்விட்ச் ஒன்றை வாங்கி அதில் ஐஜிஎம்பி ஸ்னூப்பிங்கை இயக்கினேன். வைஃபை சரியாகிவிட்டது, ஆனால் பாட்டு நான்கு நிமிடத்துக்குச் சற்று மேல் ஓடி நின்றுவிடுகிறது. பையை அணைத்துப் போட்டால் மறுபடியும் நான்கு நிமிடம் ஓடுகிறது. ஸ்விட்ச்சில் பழுதா? மாற்றித் தரச் சொல்லிக் கேட்கலாமா?

பதில்: மாற்றித் தரச் சொல்ல வேண்டாம், உங்கள் ஸ்விட்ச் தனக்குச் சொல்லப்பட்ட வேலையைச் சரியாகவே செய்கிறது. குறை, அதற்குத் துணையாக இருக்க வேண்டிய இன்னொன்று உங்கள் வீட்டில் இல்லாததுதான்.

மல்டிகாஸ்ட் என்பது ஒருவர் அனுப்புவதைக் கேட்க விரும்புகிறவர்கள் எல்லோரும் பெற்றுக்கொள்ளும் முறை. இதற்கென 224.0.0.0 முதல் 239.255.255.255 வரையிலான முகவரிகள் ஒதுக்கப்பட்டுள்ளன. சாதாரண ஸ்விட்ச்சுக்கு இந்த முகவரிக்கு வரும் பாக்கெட்டை, அதாவது தரவுத் துண்டை, யார் கேட்கிறார்கள் என்று தெரியாது. ஆகவே கேபிள் செருகும் எல்லாப் போர்ட்டிலும் அனுப்பிவிடும். உங்கள் வைஃபை ரவுட்டரும் ஒரு போர்ட்டில் செருகப்பட்டிருப்பதால், யாரும் கேட்காத பாட்டு அதன் வழியாகக் காற்றிலும் ஏறியது. ஸ்னூப்பிங் இதைத் தடுக்கிறது. கேட்க விரும்பும் கருவி ‘இந்தக் குழுவில் சேர்கிறேன்’ என்று ஐஜிஎம்பி நெறிமுறையில் அறிவிக்கும்போது ஸ்விட்ச் அதை ஒட்டுக்கேட்டு, எந்தக் குழு எந்தப் போர்ட்டில் வேண்டும் என்று ஓர் அட்டவணையில் குறித்துக்கொள்கிறது. பிறகு குறித்த போர்ட்டுகளுக்கு மட்டுமே பாட்டு போகும்.

இதுவரை உங்கள் வீட்டில் எல்லாம் ஒழுங்காக நடக்கிறது. ஆனால் அந்தக் குறிப்பு நிரந்தரமானதன்று. கருவி ஒன்று திடீரென அணைந்துபோனால் அதன் பெயர் அட்டவணையில் வீணாக நிற்கக் கூடாது என்பதற்காக ஒவ்வொரு குறிப்புக்கும் ஓர் ஆயுள் வைக்கப்பட்டுள்ளது. அந்த ஆயுள் முடிவதற்குள் யாராவது ‘இன்னும் யார் யார் கேட்கிறீர்கள்?’ என்று வினவ வேண்டும். கேட்கிற கருவிகள் அதற்குப் பதில் சொல்ல வேண்டும். அந்தப் பதிலைக் கண்டு ஸ்விட்ச் ஆயுளைப் புதுப்பிக்க வேண்டும். வினவும் இந்த வேலையைச் செய்வதற்குக் குவெரியர் என்று பெயர். பெரிய நிறுவனங்களின் நெட்வொர்க்கில் மல்டிகாஸ்ட் ரவுட்டரே குவெரியராக இருந்துவிடும். வீடுகளுக்கு இணைய நிறுவனங்கள் தரும் பெட்டிகளில் பெரும்பாலும் இந்த வேலை நடப்பதில்லை. பெயர் கூப்பிட ஆசிரியர் வராத வகுப்பில், ‘உள்ளேன் ஐயா’ சொல்லாதவர்களை எல்லாம் பதிவேட்டிலிருந்து நீக்கிவிட்டால் எப்படியிருக்கும்? உங்கள் ஐந்து ஸ்பீக்கர்களுக்கும் அதுதான் நடக்கிறது.

நான்கு நிமிடத்துக்குச் சற்று மேல் என்று நீங்கள் எழுதியதே நோயின் பெயரைச் சொல்லிவிடுகிறது. ஐஜிஎம்பி நெறிமுறையின் இயல்பு மதிப்புகளின்படி குவெரியர் 125 விநாடிக்கு ஒருமுறை வினவ வேண்டும். பதில் சொல்லக் கருவிகளுக்கு 10 விநாடி அவகாசம். ஒரு வினா வழியில் தொலைந்துபோகலாம் என்பதால் இரண்டு சுற்று வரை பொறுத்திருக்க வேண்டும். 125-ஐ இரண்டால் பெருக்கிப் பத்தைக் கூட்டினால் 260 விநாடி, அதாவது நான்கு நிமிடம் இருபது விநாடி. கைக்கடிகாரத்தை வைத்துக்கொண்டு ஒருமுறை அளந்து பாருங்கள். அந்த அளவுக்கு அருகில் பாட்டு நின்றால் வேறு எதையும் சோதிக்கத் தேவையில்லை. சில ஸ்விட்ச்சுகளில் இந்த ஆயுள் 300 விநாடி என்று வைக்கப்பட்டிருக்கும். அதிலும் பாட்டு ஒவ்வொரு முறையும் ஒரே கால அளவில்தான் நிற்கும். கேபிள் பழுது, கனெக்டர் தளர்வு போன்றவை இப்படிக் கணக்கு வைத்துக்கொண்டு வருவதில்லை.

தீர்வு, ஸ்விட்ச்சின் அமைப்புப் பக்கத்தில் ஸ்னூப்பிங் பகுதியிலேயே இருக்கும் குவெரியரை இயக்குவது. அப்போது மூன்று விஷயங்களைக் கவனியுங்கள். முதலாவது, குவெரியருக்கு உங்கள் வீட்டு நெட்வொர்க்கைச் சேர்ந்த ஒரு முகவரியைக் கொடுங்கள். சில ஸ்விட்ச்சுகள் தொடக்கத்தில் 0.0.0.0 என்ற வெற்று முகவரியிலிருந்து வினவும். அப்படி வரும் வினாவைப் பொருட்படுத்தாத கருவிகள் உண்டு. இரண்டாவது, பதிப்பு. ஐஜிஎம்பியின் முதல் பதிப்பை 1989-இல் ஸ்டீவ் டீரிங் ஆர்எஃப்சி 1112 என்ற இணையத் தரநிலை ஆவணத்தில் வரையறுத்தார். இரண்டாம் பதிப்பு 1997-இலும் மூன்றாம் பதிப்பு 2002-இலும் வந்தன. லினக்ஸ் இயல்பாக மூன்றாம் பதிப்பில் பேசும்; மலிவான ஸ்விட்ச்சுகள் சிலவற்றுக்கு இரண்டுதான் முழுமையாகப் புரியும். குவெரியரை இரண்டாம் பதிப்பில் வைத்தால், அந்த வினாவைக் கேட்டவுடன் உங்கள் பைகளும் இரண்டாம் பதிப்புக்கு இறங்கிவந்துவிடும். வீட்டுப் பயன்பாட்டுக்கு இரண்டாம் பதிப்பே போதும் என்பது என் கருத்து. அனுப்புகிறவர் இன்னார் என்று தேர்ந்து கேட்கும் வசதிதான் மூன்றில் புதிது, அது உங்களுக்குத் தேவைப்படாது.

மூன்றாவது விஷயத்தைப் பலர் கவனிக்காமல் விட்டுவிடுவதால் விரிவாகச் சொல்கிறேன். உங்கள் ஸ்விட்ச்சில் குவெரியர் வசதி இல்லையென்று வைத்துக்கொள்வோம். ஸ்னூப்பிங்கைக் கொடுத்துவிட்டுக் குவெரியரைத் தராத மாடல்கள் சந்தையில் நிறையவே உள்ளன. அரை வசதி எந்த வசதியும் இல்லாததைவிட அதிகத் தொல்லை தரும் என்பதற்கு உங்கள் அனுபவமே சான்று. அப்போது கடைக்காரரோ நண்பரோ, ‘ரவுட்டரில் அந்த வசதி இருக்கிறது, அங்கே இயக்கிவிடுங்கள்’ என்பார். பாட்டு நிற்காது, உண்மைதான். ஆனால் குவெரியர் எந்தப் போர்ட்டின் பக்கம் இருக்கிறதோ அந்தப் போர்ட்டை மல்டிகாஸ்ட் ரவுட்டர் இருக்கும் போர்ட் என்று ஸ்விட்ச் கருதும். கருதினால், அந்தப் பக்கம் யாரும் கேட்காவிட்டாலும் எல்லாக் குழுக்களின் பாக்கெட்டுகளையும் அங்கே அனுப்பும். வைஃபை ரவுட்டரைக் குவெரியராக்கினால் பாட்டு மறுபடியும் அதன் வாசலுக்கு வந்து நிற்கும். அந்த ரவுட்டர் தன் அளவில் ஒழுங்காக வடிகட்டாவிட்டால், நீங்கள் எதற்காக ஸ்விட்ச் வாங்கினீர்களோ அந்தத் தொல்லை திரும்பிவிடும். ஆகவே பாட்டை அனுப்பும் கணினி எந்த ஸ்விட்ச்சில் செருகப்பட்டிருக்கிறதோ, அதே ஸ்விட்ச் குவெரியராக இருப்பது நல்லது. அது முடியாவிட்டால் அந்த ஐந்து பைகளில் ஒன்றையோ மாடிக் கணினியையோ குவெரியராக்கலாம்; பல நெட்வொர்க் இணைப்புகளை ஒன்றாக்கும் லினக்ஸின் பிரிட்ஜ் இடைமுகத்திலேயே அந்த வசதி உண்டு.

முடித்தபின் ஸ்விட்ச்சின் குழு அட்டவணையைத் திறந்து பாருங்கள். 239.10.10.1 என்ற வரியும் அதற்கெதிரே ஐந்து போர்ட் எண்களும் இருக்க வேண்டும். பத்து நிமிடம் கழித்துப் பார்க்கும்போதும் அவை அப்படியே இருந்தால் வேலை முடிந்தது.

தருமபுரி வாசகி: எங்கள் கூடத்தில் உள்ள வைஃபை ஸ்பீக்கர் கைபேசியில் சில நாள் தெரிகிறது, சில நாள் காணாமல் போகிறது. தெரியும்போது பாட்டு தடையில்லாமல் ஓடுகிறது. இது மல்டிகாஸ்ட் பிரச்சினை, மேனேஜ்டு ஸ்விட்ச் வாங்க வேண்டும் என்று கடையில் சொல்கிறார்கள். வாங்கலாமா?

பதில்: வாங்க வேண்டாம். கடைக்காரர் சொன்னதில் பாதி உண்மை இருக்கிறது. வீடுகளில் புழங்கும் ஸ்பீக்கர்களில் பெரும்பாலானவை மல்டிகாஸ்டைத் தங்களை அறிவித்துக்கொள்ள மட்டுமே பயன்படுத்துகின்றன. ஏர்ப்ளே, குரோம்காஸ்ட் வகையினர் எம்டிஎன்எஸ் என்ற முறையில் 224.0.0.251 முகவரியிலும், டிஎல்என்ஏ வகையினர் எஸ்எஸ்டிபி என்ற முறையில் 239.255.255.250 முகவரியிலும் ‘நான் இங்கே இருக்கிறேன்’ என்று அறிவிப்பார்கள். கைபேசி அதைக் கேட்டுப் பட்டியலில் காட்டும். நீங்கள் தேர்ந்த பிறகு ஒலி, அந்த ஒரு ஸ்பீக்கருக்கு மட்டும் முகவரியிட்ட சாதாரணப் பாக்கெட்டாகவே போகிறது. பாட்டு ஓடத் தொடங்கினால் தடையில்லை என்கிறீர்கள். எனவே உங்கள் சிக்கல் அறிவிப்பு வந்து சேராததில்தான் இருக்கிறது.

அறிவிப்பு தொலையும் இடங்கள் சில. கைபேசி ‘கெஸ்ட்’ நெட்வொர்க்கிலும் ஸ்பீக்கர் வீட்டு நெட்வொர்க்கிலும் இருந்தால் ஒன்றையொன்று காணாது. ரவுட்டரில், வைஃபை கருவிகளைத் தங்களுக்குள் பேசவிடாத ‘ஏபி ஐசொலேஷன்’ அல்லது ‘கிளையண்ட் ஐசொலேஷன்’ என்ற தெரிவு இயங்கினாலும் அப்படியே. ஆனால் சில நாள் மட்டும் காணாமல் போகிறது என்பதால் எனக்கு வேறொரு சந்தேகம். இணைய நிறுவனம் தந்த பெட்டியோடு நீங்கள் தனியாக வாங்கிய இன்னொரு ரவுட்டரும் வீட்டில் இருக்கிறதா? இரண்டும் வைஃபை பரப்பி, இரண்டும் தனித்தனியாக முகவரி வழங்கினால், கைபேசி எதில் சேர்கிறதோ அதைப் பொறுத்து ஸ்பீக்கர் தெரியும் அல்லது மறையும். காணாமல் போகிற நாளில் கைபேசியின் வைஃபை அமைப்பில் ஐபி முகவரியைப் பாருங்கள். தெரிகிற நாளில் 192.168.1 என்று தொடங்கியது இப்போது 192.168.0 என்று தொடங்கினால் காரணம் அதுதான். இரண்டாவது ரவுட்டரை, முகவரி வழங்காமல் வைஃபையை மட்டும் பரப்பும் ‘ஆக்சஸ் பாயின்ட்’ நிலைக்கு மாற்றினால் இரண்டும் ஒரே நெட்வொர்க்காகிவிடும்; காசு செலவில்லை.

கிருஷ்ணகிரி வாசகர்: ஸ்னூப்பிங்கும் குவெரியரும் இயக்கத்தில் உள்ளன, அட்டவணையும் சரியாக இருக்கிறது. ஆனாலும் லினக்ஸ் ஒலி மென்பொருளான பல்ஸ்ஆடியோவில், நெட்வொர்க்கில் ஒலி அனுப்பும் ஆர்டிபி முறை வழியாகப் பாட்டுப் போட்டதும் வீட்டு வைஃபை நின்றுவிடுகிறது. ஒரு பாட்டுக்கு அவ்வளவு சுமையா?

பதில்: பல்ஸ்ஆடியோவில் அனுப்பும் முகவரியை நீங்கள் மாற்றவில்லை என்று ஊகிக்கிறேன். மாற்றாவிட்டால் அது 224.0.0.56 என்ற முகவரிக்கு அனுப்பும். 224.0.0 என்று தொடங்கும் 256 முகவரிகளும் ஒரே நெட்வொர்க்குக்குள் கருவிகள் தங்களுக்குள் பேசிக்கொள்வதற்கென ஒதுக்கப்பட்டவை. அவற்றைத் தடுத்தால் நெட்வொர்க்கின் அடிப்படை வேலைகளே கெடும் என்பதால், ஸ்னூப்பிங் இயங்கினாலும் அந்த முகவரிகளுக்கு வருவதை எல்லாப் போர்ட்டிலும் அனுப்ப வேண்டும் என்று 2006-இல் வந்த ஆர்எஃப்சி 4541 ஸ்விட்ச் செய்வோருக்கு வழிகாட்டுகிறது. அந்த இடத்தில் பாட்டைச் செலுத்தினால் எந்த ஸ்விட்ச்சாலும் அதை அடக்க முடியாது. அனுப்பும் தொகுதியின் அமைப்பில் சேரிட முகவரியை 239-இல் தொடங்கும் ஒன்றாக மாற்றுங்கள்.

எந்த 239 என்பதிலும் ஒரு நுணுக்கம் உண்டு. பல ஸ்விட்ச்சுகள் ஐபி முகவரியைப் பாராமல் கேபிள் நெட்வொர்க்கின் முறையான ஈதர்நெட், பாக்கெட்டின் மேல் எழுதும் மேக் முகவரியைப் பார்த்தே பிரிக்கின்றன. மல்டிகாஸ்ட் ஐபி முகவரியின் கடைசி 23 பிட்டுகள் மட்டுமே மேக் முகவரிக்குள் இடம்பெறுவதால், 32 வெவ்வேறு ஐபி முகவரிகள் ஒரே மேக் முகவரியைப் பகிர்ந்துகொள்கின்றன. 239.0.0 என்றும் 239.128.0 என்றும் தொடங்குபவை மேற்சொன்ன 224.0.0 கூட்டத்தோடு மோதும். அத்தகைய ஸ்விட்ச்சில் அவையும் எல்லாப் போர்ட்டுக்கும் போய்விடும். அவற்றைத் தவிர்த்து 239.20.30.1 போன்ற ஒன்றை வைத்துக்கொள்ளுங்கள்.

சுமையைப் பற்றிக் கேட்டீர்கள். குறுந்தட்டுத் தரத்தில் ஒரு விநாடிக்கு 44,100 மாதிரிகள், ஒவ்வொன்றும் 16 பிட், இடம் வலம் என இரண்டு சேனல்; பெருக்கினால் விநாடிக்கு 14,11,200 பிட். கேபிளுக்கு இது ஒரு பொருட்டே அன்று. வைஃபையில் கதை வேறு. ஒருவருக்கென்று அனுப்பும் பாக்கெட்டை அவருக்கு எட்டும் அதிக வேகத்தில் அனுப்பலாம். எல்லோருக்குமான பாக்கெட்டைத் தொலைவில் உள்ளவருக்கும் எட்ட வேண்டும் என்பதற்காகக் குறைந்த அடிப்படை வேகத்தில் அனுப்புவதே வழக்கம். 2.4 கிகாஹெர்ட்ஸில் அது பெரும்பாலும் விநாடிக்கு 1 மெகாபிட். 1.4 மெகாபிட் பாட்டு 1 மெகாபிட் பாதையில் எப்படிப் போகும்? 5 கிகாஹெர்ட்ஸில் அடிப்படை வேகம் 6 மெகாபிட் என்றாலும், பாக்கெட்டின் தலைப்புச் சுமையைச் சேர்க்காமலே ஏறக்குறைய கால் பங்கு நேரத்தை அந்தப் பாட்டு ஒன்றே எடுத்துக்கொள்ளும். போதாக்குறைக்கு, மல்டிகாஸ்ட் பாக்கெட் கிடைத்தது என்று யாரும் ஒப்புகை அனுப்புவதில்லை. ஆகவே தொலைந்தது தொலைந்ததுதான், மறுபடி வராது. வீட்டில் ஏதேனும் ஒரு கைபேசி மின்சாரத்தை மிச்சப்படுத்தத் தூங்கிக்கொண்டிருந்தால், அது விழிக்கும் குறித்த நேரம் வரை ஆக்சஸ் பாயின்ட் மல்டிகாஸ்டைத் தேக்கிவைத்து மொத்தமாக விடும். கேட்பவருக்கு அது விக்கலாகத் தெரியும்.

வைஃபையில் உள்ள ஸ்பீக்கருக்கும் அதே பாட்டு வேண்டுமென்றால், மல்டிகாஸ்டை ஒவ்வொரு கருவிக்குமான தனிப் பாக்கெட்டாக மாற்றி அனுப்பும் வசதி உங்கள் ஆக்சஸ் பாயின்ட்டில் உள்ளதா என்று பாருங்கள். ‘மல்டிகாஸ்ட் என்ஹான்ஸ்மென்ட்’ என்பது போன்ற பெயரில் இருக்கும். இல்லாவிட்டால் ஸ்னாப்காஸ்ட் போன்ற மென்பொருளுக்கு மாறுவதே எளிது. அது ஒவ்வொரு ஸ்பீக்கருக்கும் டிசிபி இணைப்பில் தனித்தனியாக அனுப்பி, நேரத்தையும் ஒத்திசைத்துக்கொள்ளும். நான்கைந்து அறை உள்ள வீட்டுக்கு மல்டிகாஸ்டே தேவையில்லை என்று நான் சொன்னால் ஓசூர் வாசகர் கோபித்துக்கொள்ளக்கூடும். ஆனால் ஐந்து மடங்கு 1.4 மெகாபிட் என்பது ஏழு மெகாபிட்தான். கிகாபிட் ஸ்விட்ச்சுக்கு அது தெரியவே தெரியாது.

காவேரிப்பட்டணம் வாசகர்: எங்கள் வீட்டிலிருந்து மாந்தோப்பில் உள்ள இன்னொரு வீட்டுக்கு ஏறக்குறைய 150 மீட்டர் தூரம். அங்கே பெற்றோர் இருக்கிறார்கள். இங்கே ஓடும் பாட்டு அங்கே உள்ள இரண்டு ஸ்பீக்கர்களிலும் கேட்க வேண்டும். அங்கும் ஒரு மேனேஜ்டு ஸ்விட்ச் வைக்கப்போகிறேன். இரண்டிலும் குவெரியரை இயக்கினால் சண்டை வருமா?

பதில்: வராது. ஒரே நெட்வொர்க்கில் இரண்டு குவெரியர்கள் இருந்தால் குறைந்த ஐபி முகவரி உள்ளது வினவும். மற்றது வாய்மூடி இருக்கும். வினவிக்கொண்டிருந்தது 255 விநாடிகள் பேசாவிட்டால் மற்றது தானாகப் பொறுப்பேற்கும். தோப்பு வீட்டில் மின்சாரம் போய்விட்டாலும் உங்கள் பக்கம் பாட்டு தொடர வேண்டும் என்பதால், பாட்டு புறப்படும் உங்கள் ஸ்விட்ச்சுக்கே குறைந்த முகவரியைக் கொடுங்கள்.

இரண்டு ஸ்விட்ச்சையும் இணைக்கும் போர்ட்டில் ‘ஃபாஸ்ட் லீவ்’ என்ற தெரிவு அணைந்திருக்க வேண்டும். ஒரு போர்ட்டிலிருந்து விலகல் அறிவிப்பு வந்தவுடன் மறுவார்த்தை கேட்காமல் அந்தப் போர்ட்டைத் துண்டிப்பதே அதன் வேலை. ஒரே ஒரு கருவி செருகிய போர்ட்டுக்கு அது நல்லது. தோப்பு வீட்டில் அப்பாவின் அறை ஸ்பீக்கரை நிறுத்தியதும் அம்மாவின் சமையலறையில் பாட்டு நின்றால், அந்தத் தெரிவு இயங்குகிறது என்று பொருள்.

ஆனால் இவற்றைவிட முக்கியமானது உங்கள் 150 மீட்டர். செம்புக் கேபிளில் ஈதர்நெட்டுக்கு 100 மீட்டர்தான் எல்லை. நடுவில் ஒரு ஸ்விட்ச் வைத்து நீட்டலாம் என்று யாராவது யோசனை சொன்னால் ஏற்காதீர்கள். கோடை மழைக்கு முன் இடி மின்னல் இறங்கும் பகுதியில் திறந்த வெளியில் செம்புக் கம்பியை இழுப்பது, இரு வீட்டுக் கருவிகளையும் ஒரே நேரத்தில் எரிக்க வழி செய்வதாகும். இரண்டு வீடுகளின் எர்த்துக்கும் இடையே மின்னழுத்த வேறுபாடு ஏற்பட்டாலே போர்ட்டுகள் போய்விடும். சிங்கிள் மோடு ஃபைபர் இழுங்கள்; இரு முனையிலும் ஃபைபர் செருக எஸ்எஃப்பி வாய் உள்ள ஸ்விட்ச் அல்லது ஃபைபரைச் செம்புக் கேபிளோடு இணைக்கும் மீடியா கன்வர்ட்டர் போதும். வீட்டு இணைய இணைப்புக்கு ஃபைபர் ஒட்டித் தருகிறவர்களே இந்த வேலையையும் செய்வார்கள். கேபிளைத் தாங்கும் இரும்புக் கம்பி கூடவே வரும் வகையாக இருந்தால், அந்தக் கம்பியை ஸ்விட்ச் பெட்டி வரை கொண்டுவராமல் சுவருக்கு வெளியிலேயே நிறுத்திவிடச் சொல்லுங்கள்.

அரூர் வாசகர்: சவுண்ட் சர்வீஸ் நடத்துகிறேன். மண்டபங்களுக்கு, நெட்வொர்க் கேபிளிலேயே ஒலியை அனுப்பும் டான்டே முறை மிக்சர் கொண்டுபோகிறோம். புதிய மேனேஜ்டு ஸ்விட்ச்சில் செருகினால் நடுவே ஒரு நொடி ஒலி அறுகிறது. பழைய சாதாரண ஸ்விட்ச்சில் அப்படி இல்லை. வீட்டு ஆடியோ இல்லை என்றாலும் பதில் சொல்வீர்கள் என்று எழுதுகிறேன்.

பதில்: விஷயம் ஒன்றுதான். டான்டேயில் ஒலி, நீங்கள் மாற்றாத வரை, ஒருவருக்கொருவர் நேரடியாகவே போகிறது. ஆனால் எல்லாக் கருவிகளும் ஒரே கடிகாரத்தைப் பின்பற்ற உதவும் பிடிபி செய்திகள் 224.0.1.129 முதலான மல்டிகாஸ்ட் முகவரிகளில் வருகின்றன. இவை 224.0.0 கூட்டத்தைச் சேர்ந்தவை அல்ல. ஆகவே குவெரியர் இல்லாத ஸ்னூப்பிங்குக்கு இவையும் பலியாகும். கடிகாரம் தவறியவுடன் கருவி தன்னை ஊமையாக்கிக்கொள்ளும். ஓசூர் வாசகருக்குச் சொன்னதை உங்கள் ஸ்விட்ச்சிலும் செய்யுங்கள். மல்டிகாஸ்ட் ஒலி ஏதும் நீங்கள் அமைக்கவில்லை, எல்லாக் கருவிகளும் கிகாபிட் போர்ட் உள்ளவை என்றால், ஸ்னூப்பிங்கை அணைத்துவிட்டாலும் குற்றமில்லை. 100 மெகாபிட் போர்ட் உள்ள சிறு அடாப்டர்கள் கூட்டத்தில் இருந்தால் அணைக்காதீர்கள்.

அதோடு, மின்சாரச் சிக்கனத்துக்கென உள்ள ‘இஇஇ’ அல்லது ‘கிரீன் ஈதர்நெட்’ தெரிவை எல்லாப் போர்ட்டிலும் அணைத்துவிடுங்கள். போர்ட் கண்ணயர்ந்து விழிக்கும் சிறு தாமதம் சாதாரண வேலைக்குத் தெரியாது. பிடிபி கடிகாரத்தைக் கலைத்துவிடும். டான்டேயை உருவாக்கிய ஆடினேட் நிறுவனமும் இதை அணைக்கவே பரிந்துரைக்கிறது. முன்னுரிமை அமைக்கும் வசதி இருந்தால், பாக்கெட்டின் முன்னுரிமையைக் குறிக்கும் டிஎஸ்சிபி மதிப்பு 56 உள்ள கடிகாரச் செய்திக்கு முதலிடமும், 46 உள்ள ஒலிக்கு அடுத்த இடமும் கொடுங்கள். அளவுக்கு மீறிப் புயலாக வரும் பாக்கெட்டுகளை வெட்டும் ‘ஸ்டார்ம் கன்ட்ரோல்’ என்ற பக்கத்தில் மல்டிகாஸ்டுக்கு வரம்பு விதித்திருக்கிறதா என்றும் பாருங்கள். ஸ்விட்ச் இரண்டாம் கையாக வாங்கியதென்றால், முன்பு வைத்திருந்தவர் அமைத்துவிட்டுப் போன வரம்பு பாட்டையே புயலென்று எண்ணி வெட்டிவிடும். பழைய ஸ்விட்ச்சை இரண்டாம் கையாக வாங்குவோர் முதலில் ரீசெட் செய்துகொள்வது நல்லது.

ஊத்தங்கரை வாசகர்: கேமரா, ஸ்பீக்கர், டிவி எல்லாவற்றையும் பாதுகாப்புக்காகத் தனி விலானில், அதாவது ஒரே ஸ்விட்ச்சுக்குள் பிரித்த தனி நெட்வொர்க்கில், போட்டேன். இப்போது கைபேசியில் ஸ்பீக்கர் தெரியவில்லை.

பதில்: எம்டிஎன்எஸ் அறிவிப்பு தன் நெட்வொர்க்கைத் தாண்டாது, அதைத் தாண்டவிடாததே அந்த 224.0.0.251 முகவரியின் இயல்பு. இரு விலானிலும் கால்வைத்திருக்கும் ரவுட்டரில் அவாஹி மென்பொருளின் ரிஃப்ளெக்டர் வசதியை இயக்கினால், ஒரு பக்கத்து அறிவிப்பை மறுபக்கமும் சொல்லும். அறிவிப்பு வந்தபின் ஒலி போவதற்கான வழியை ஃபயர்வாலில் தனியே திறக்க வேண்டும். பலர் இதை மறந்துவிட்டு, ஸ்பீக்கர் தெரிகிறது ஆனால் பாடவில்லை என்று மறுகடிதம் எழுதுகிறார்கள். என் யோசனை, ஸ்பீக்கர்களைக் கைபேசிகள் உள்ள விலானுக்கே திருப்பிக் கொண்டுவந்துவிட்டுக் கேமராக்களை மட்டும் தனியே வைப்பது. அவற்றுக்குத்தான் பிரிவினை அவசியம்.

பாப்பிரெட்டிப்பட்டி வாசகர்: ஸ்விட்ச்சில் குவெரியரை இயக்குகிறேன், நன்றாக ஓடுகிறது. மின்சாரம் போய் வந்தால் பழையபடி ஆகிவிடுகிறது. இன்வெர்ட்டர் இருந்தும் மாறிவிடும் அந்த நொடியில் ஸ்விட்ச் அணைந்து எரிகிறது.

பதில்: பல ஸ்விட்ச்சுகளில் ‘அப்ளை’ என்பது அந்த நேரத்துக்கு மட்டும் அமைப்பை மாற்றும். அதை நிலையாக எழுதி வைக்க ‘சேவ் கான்ஃபிகரேஷன்’ என்று தனிப் பொத்தான் இருக்கும். சில மாடல்களில் அது மேல்மூலையில், சிலவற்றில் சிஸ்டம் பட்டியலுக்குள் இருக்கும். அதை அழுத்திய பின் நீங்களே ஒருமுறை மின் இணைப்பைப் பிடுங்கிச் செருகிப் பார்த்து, குவெரியர் பக்கத்தைத் திறந்து உறுதிசெய்துகொள்ளுங்கள். அமைப்பை ஒரு கோப்பாகக் கணினியிலும் இறக்கி வைத்துக்கொள்ளலாம். இன்வெர்ட்டர் மாறும் நொடியைத் தாங்க, ரவுட்டருக்கென விற்கும் 12 வோல்ட் சிறு யுபிஎஸ் போதும். வாங்குமுன் ஸ்விட்ச்சின் அடாப்டரில் அச்சிட்டிருக்கும் வோல்ட்டையும் ஆம்பியரையும் பாருங்கள், 5 வோல்ட்டில் ஓடும் ஸ்விட்ச்சுகளும் உண்டு.